எடுத்துட்டேன் மாப்ளே

போடியில் பஸ் நிலையத்துக்குப் பின்னால் உள்ள தெருவில் பதினோரு வருடமாக ஃபிளெக்ஸ் கடை வைத்திருக்கிறேன். இந்த ஊரில் யாருக்குக் கல்யாணம், யார் வீட்டில் சாவு என்பது உறவுக்காரர்களுக்கு முன்னால் எனக்குத் தெரிந்துவிடும். கண்ணீர் அஞ்சலி அடிப்பதும் நான்தான், மாப்பிள்ளையைச் சிங்கத்தின் மேல் உட்கார வைப்பதும் நான்தான். எங்கள் பக்கத்தில் நண்பர்கள் சேர்ந்து வைக்கும் ஃபிளெக்ஸ் என்றால் சும்மா போட்டோவும் பெயரும் போட்டால் ஆகாது. விழா நாயகனைக் கேலி செய்தே ஆகவேண்டும். கேலி இல்லாவிட்டால், "என்னடா, உங்களுக்குள்ள சண்டையா?" என்று விருந்துக்கு வந்தவர்கள் கேட்பார்கள். ராணுவ வீரன் உடம்பில் முகத்தை ஒட்டுவோம். அமெரிக்க ஜனாதிபதியோடு கைகுலுக்க வைப்போம். எந்த ஜனாதிபதியும் இதுவரை வந்து ஏன் என்று கேட்டதில்லை.

இந்தத் தொழிலில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. பொட்டிபுரம் மலையில் நியூட்ரினோ ஆய்வுக்கூடம் வரக்கூடாது என்று சனங்கள் கூடிப் பேசிய நாட்களில், மற்ற கடைக்காரர்கள் தயங்கியபோது பேனர் அடித்துக் கொடுத்தவன் நான். அதிலிருந்து 'எனக்கெல்லாம் பயம் கிடையாது' என்று சொல்லிக்கொள்ளும் பழக்கம் வந்துவிட்டது. அடித்துக் கொடுத்ததோடு சரி. அதைப் பிடித்துக்கொண்டு வெயிலில் நின்றவர்கள் வேறு ஆட்கள். இதைச் சொல்லவே கூச்சமாக இருக்கிறது. ஆனால் இனிச் சொல்லப்போவதற்கு முன்னால் இது ஒன்றுமே இல்லை.

என் நண்பன் ஒருவன், ஒன்றாம் வகுப்பிலிருந்து என் பக்கத்தில் உட்கார்ந்தவன். நான் அவனை மாப்ளே என்பேன், அவனும் என்னை மாப்ளே என்பான். இரண்டு பேரில் யார் வீட்டிலும் பெண் எடுக்கவில்லை, கொடுக்கவில்லை. அது அப்படியே வந்துவிட்டது. அவன் ஏலக்காய் மண்டியில் தரம் பிரிக்கும் வேலை பார்த்தான். மலைத்தோட்டங்களிலிருந்து வரும் மூட்டையில் கையை விட்டு ஒரு பிடி அள்ளினால் போதும், காயின் பருமன் எட்டு மில்லிமீட்டரா ஏழு மில்லிமீட்டரா என்று சல்லடையில் போடாமலே சொல்லிவிடுவான். அந்தக் கையை நம்பித்தான் பாங்காக்கில் மசாலா மொத்த வியாபாரம் செய்யும் ஒருவர் அவனை வேலைக்கு அழைத்துக்கொண்டார். போன புதிதில் அங்கத்து ஏலக்காயைப் படம் எடுத்து அனுப்பினான். வெள்ளையாக, உருண்டையாக இருந்தது. "கொண்டக்கடல மாதிரி இருக்குடா மாப்ளே. வாசன வெக்கப்பட்டுக்கிட்டு வருது" என்று சிரித்தான்.

மூன்று வருடம் நன்றாகப் போயிற்று. மனைவியையும் மகளையும் அங்கேயே கூட்டிக்கொள்ள முதலாளி சம்மதித்தார். மகளுக்கு அங்கே ஒரு பள்ளிக்கூடத்தில் இடமும் கிடைத்தது. ஜூன் மாதம் கிளம்புவது என்று முடிவாகி, அவன் மனைவி இங்கே பள்ளிக்கூடத்தில் டி.சி.யும் வாங்கிவிட்டாள். கடல் தாண்டிப் போவதற்கு முன்னால் குலதெய்வம் கோயிலில் பிள்ளைக்குக் காது குத்திவிட வேண்டும் என்றார்கள் பெரியவர்கள். அவனுடைய வேலை அனுமதியைப் புதுப்பிக்கும் சமயம் அது, அவனால் வர முடியவில்லை. போனில் என்னிடம் சொன்னான்: "மாப்ளே, நான் இல்லாத கொற தெரியாமப் பாத்துக்க."

நான் பார்த்துக்கொண்டேன்.

தகப்பன் இல்லாத குறை தெரியக்கூடாது என்றால் மண்டபத்து வாசலில் தகப்பன் இருபது அடி உயரத்துக்கு நிற்க வேண்டும் என்பது என் கணக்கு. பாங்காக்கில் இருப்பவனுக்குப் பாங்காக் ராஜா வேஷம்தானே பொருத்தம்? 'தாய்லாந்து ராஜா' என்று நெட்டில் தேடினேன். தங்க நிற உடுப்பும், அடுக்கடுக்காகக் குடையும், உயரமான சிம்மாசனமுமாக ஒரு படம் வந்தது. நல்ல தெளிவான படம், எவ்வளவு பெரிதாக்கினாலும் உடையாது. அது இப்போது இருக்கும் ராஜாவா, முன்னால் இருந்தவரா என்றுகூட எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டும் என்றும் தோன்றவில்லை. முகத்தை வெட்டி எடுத்துவிட்டு நண்பன் முகத்தை ஒட்டினேன். கறுப்புக் கண்ணாடி போட்டேன். கழுத்தில் நம்மூர் ஏலக்காய் மாலை. காலடியில் தரையோடு தரையாகக் குப்புறக் கிடந்த அரண்மனை ஆட்களுக்கு எங்கள் செட்டு நண்பர்களின் முகங்கள், என் முகமும் சேர்த்து. 'பாங்காக்கை ஆளும் எங்கள் போடி வேந்தே! இளவரசியின் காதணி விழா காண வருகவே!' என்று மேலே எழுதி, கீழே அவன் பெயரைப் பெரிதாகப் போட்டேன். இரண்டு நாள் வேலை. இன்றைக்கும் சொல்கிறேன், என் கையில் வந்ததிலேயே நல்ல ஃபிளெக்ஸ் அதுதான். இப்படிச் சொல்லத் தோன்றுகிறதே என்பதும் ஒரு வெட்கம்தான்.

விழாவன்று பந்தியைவிட ஃபிளெக்ஸ் முன்னால் கூட்டம் அதிகம். பிள்ளை அதன் முன்னால் நின்று, காதில் ரத்தம் காய்வதற்கு முன்பே அழுகையை நிறுத்திவிட்டுச் சிரித்தது. அதையும் சேர்த்துப் படம் எடுத்து என் கடையின் முகநூல் பக்கத்தில் போட்டேன். அவன் பெயரையும் இணைத்து, எல்லோரும் பார்க்கும்படி.

மறுநாள் காலை கடை ஷட்டரைத் தூக்கிக்கொண்டிருந்தபோது அவன் கூப்பிட்டான். விழா பற்றிக் கேட்பான், ஃபிளெக்ஸைப் புகழ்வான் என்று ஆசையாக எடுத்தேன்.

"மாப்ளே, அத எடு" என்றான். குரல் மிகவும் தாழ்ந்திருந்தது.

"எத?"

"அதான், அத. நீ போட்டிருக்கல்ல, அத. இப்பவே எடு."

எனக்குச் சிரிப்பு வந்தது. "எத, ராஜா படத்தயா? ஏன், ராஜாவுக்குக் கோவம் வந்துருச்சா? ராஜாவ என்ட்டப் பேசச் சொல்லு" என்று தெருவே கேட்கும்படி கத்தினேன். பக்கத்துக் கடைக்காரர் எட்டிப் பார்த்துச் சிரித்தார். போன் இணைப்பு துண்டாகிவிட்டது. கொஞ்ச நேரத்தில் ஒரே ஒரு சொல் வந்தது: 'எடுத்துட்டியா?'

முகநூலைத் திறந்தேன். இருநூறு லைக் தாண்டியிருந்தது. தேவாரத்திலிருந்து ஒருவர், 'எங்க அண்ணன் கல்யாணத்துக்கும் இதே மாதிரி ராஜா வேணும்' என்று எழுதி எண் கேட்டிருந்தார். இன்னும் இரண்டு பேர் கேட்டிருந்தார்கள். இதைப் போய் எடுப்பதா? வெளிநாடு போனவுடன் இவனுக்குப் பவுசு வந்துவிட்டது, நம்மூர்க் கேலி இப்போது கேவலமாகத் தெரிகிறது என்று எனக்குக் கோபம்கூட வந்தது. இணைத்திருந்த அவன் பெயரை மட்டும் நீக்கினேன். படத்தை அப்படியே விட்டேன். அவனுக்குப் பதில் அனுப்பினேன்: 'எடுத்துட்டேன் மாப்ளே.' பக்கத்தில் ஒரு சிரிக்கும் பொம்மை வேறு.

அவனிடமிருந்து மறுபடி எதுவும் வரவில்லை. பார், பேசாமல் ஆகிவிட்டான், அவ்வளவுதான் விஷயம் என்று நினைத்துக்கொண்டேன்.

மூன்று நாள் கழித்து அவன் மனைவி கடைக்கு வந்தாள். என்னை அண்ணே என்று கூப்பிடுகிறவள். கண் வீங்கியிருந்தது. "அண்ணே, அவர வேலைய விட்டு நிறுத்திட்டாங்களாம். நாளானைக்கு வர்றாராம். என்னன்னு கேட்டா போன்ல சொல்ல மாட்டேங்கறாரு. உங்களுக்கு ஏதாச்சும் தெரியுமா?" என்றாள். தெரியாது என்றேன். அவள் தெருமுனை திரும்பும்வரை பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, உள்ளே போய் அந்தப் பதிவை அழித்தேன். பொய்யை உண்மையாக்க மூன்று நாள் ஆயிற்று எனக்கு.

நடந்தது இவ்வளவுதான். பாங்காக்கில் அவர்கள் கடைக்குப் பக்கத்துக் கடையில் வேலை பார்க்கும் ஒருவன் அந்தப் படத்தை எங்கேயோ பார்த்து, போனில் பிடித்து வைத்து, முதலாளியிடம் காட்டியிருக்கிறான். முதலாளி நல்ல மனிதர். அவர் கல்லாவுக்கு மேலேயே ராஜா படம் மாட்டியிருப்பாராம், அந்த ஊரில் முக்கால்வாசிக் கடைகளில் அப்படித்தானாம். "நான் இங்கே பிள்ளைகுட்டியோடு வாழ வேண்டும். நாளைக்கு ஒருத்தன் போய்ப் புகார் எழுதிக்கொடுத்தால் உன்னோடு நானும் நிற்க வேண்டும். போய்விடு, தம்பி" என்று அவரே டிக்கெட் எடுத்துக் கொடுத்திருக்கிறார். போலீஸ் வரவே இல்லை. ஒருவரும் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. வருவார்கள் என்ற பயமே எல்லா வேலையையும் முடித்துவிட்டது.

அவன் வந்த பிறகுதான் அந்தச் சட்டத்தைப் பற்றித் தேடிப் படித்தேன். கணினிக் குற்றச் சட்டம் என்று பெயர். பெயரைப் பார்த்தால் கம்ப்யூட்டர் வழியாகத் திருடுகிறவனைப் பிடிக்க வந்தது போலத்தான் இருக்கிறது. ஆனால் பொய்யான தகவல், நாட்டின் பாதுகாப்புக்குக் கேடான தகவல் என்று சொல்லப்படுவதை ஏற்றினாலும் குற்றம், அடுத்தவன் ஏற்றியதைத் தெரிந்தே பரப்பினாலும் குற்றம். ராஜ குடும்பத்தை அவமதித்தால் அதற்கு வேறொரு சட்டம், வருடக்கணக்கில் சிறை. இரண்டையும் ஒருவர்மேலேயே சேர்த்துப் போடுவதும் உண்டாம். எது அவமதிப்பு என்பதற்கு அளவுகோல் எதுவும் என் கண்ணில் படவில்லை. அளவு தெரியாததால்தான் எல்லோரும் வெகுதூரம் தள்ளியே நிற்கிறார்கள். யாராவது ஏதாவது அனுப்பினால் திறந்து பார்க்காமலே அழித்துவிடுகிற ஆட்களை அங்கே பார்த்திருப்பதாக அவன் சொன்னான்.

இந்த அறிவு வந்ததும் நான் என்ன செய்தேன்? டீக்கடையில் உட்கார்ந்து அந்தச் சட்டத்தைத் திட்டினேன். கருத்துச் சுதந்திரம் என்றேன். ஒரு சிரிப்பைத் தாங்க முடியாத அரசாங்கம் என்ன அரசாங்கம் என்று மேசையைத் தட்டினேன். நான் சொன்னது எதுவும் தப்பில்லை, இன்றைக்கும் அப்படித்தான் நினைக்கிறேன். ஆனால் அவ்வளவு சத்தமாகப் பேசியதற்குக் காரணம் சட்டத்தின் மேல் இருந்த கோபம் இல்லை. அவ்வளவு பெரிய சட்டத்துக்குப் பின்னால் என் சின்னப் பொய் ஒளிந்துகொள்ள நல்ல இடம் இருந்தது. கேலியைக் குற்றமாக்கியது அந்தச் சட்டம். எடுக்காமலே எடுத்துவிட்டேன் என்று சொன்னது எந்தச் சட்டமும் இல்லை.

இதில் கொடுமை என்னவென்றால் அவன் என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. வந்த அன்று அவன் வீட்டுக்குப் போனேன். எல்லோர் முன்னாலும் என் தோளில் கை போட்டு, "இவன் நான் சொன்ன ஒடனே எடுத்துட்டான். அதனாலதான் இதோட போச்சு. இல்லேன்னா நான் இன்னேரம் உள்ள கெடப்பேன்" என்றான். அவன் மனைவி எனக்கு இரண்டு கையாலும் காபி கொண்டுவந்து கொடுத்தாள். அதை வாங்கிக் குடித்தேன். சூடு தெரியவில்லை, இனிப்பும் தெரியவில்லை. அப்போதே சொல்லியிருக்க வேண்டும்.

ஜூன் மாதம் பள்ளிக்கூடம் திறந்தபோது, "அண்ணே, எங்க கூட ஒரு எட்டு வர்றீங்களா? உங்களுக்கு அங்கன பழக்கம்ல" என்று அவள் கேட்டாள். பள்ளி ஆண்டு விழாவுக்குப் பேனர் அடித்துக் கொடுக்கிறவன் என்ற பழக்கம். போனேன். வாங்கிய டி.சி.யைத் திரும்பக் கொடுத்து அதே பள்ளிக்கூடத்தில் மறுபடி சேர்த்துக்கொள்ளச் சொல்லிக் கேட்க வேண்டும். தாய்லாந்து போகிறேன் என்று முழுப் பரீட்சை முடிந்த அன்று வகுப்பு முழுக்க மிட்டாய் கொடுத்துவிட்டு வந்த பிள்ளை, வாசலிலேயே நின்று தூணைச் சுரண்டிக்கொண்டிருந்தது. உள்ளே வரச் சொன்னால் வரவில்லை. நான் பேசினேன், இடம் கிடைத்தது. வெளியே வந்ததும், "நீங்க இல்லேன்னா எங்களுக்கு யாருண்ணே" என்றாள் அவள். அதற்கு நான், "விடும்மா, இதென்ன பெரிய சோலி" என்று சொன்னேன். இந்தப் பதிலை நினைக்கும்போதெல்லாம் என் முகத்தில் நானே துப்பிக்கொள்ளலாம் போல இருக்கிறது.

மண்டியில் அவன் இடத்துக்கு வேறு ஆள் வந்துவிட்டதால் அவன் ஜீப்பு ஓட்டப் போனான். போடியிலிருந்து விடியற்காலை தோட்டத்து வேலைக்குப் பெண்களை ஏற்றிக்கொண்டு மலைக்குப் போய், சாயங்காலம் இறக்கிவிடும் ஜீப்பு. எல்லா ஜீப்பிலும் முன்கண்ணாடியில் பிள்ளைகள் பெயரும் சாமி படமும் மின்னும். அவனுக்கு நான் சும்மாவே ஸ்டிக்கர் அடித்துத் தருகிறேன் என்றேன். "ஒண்ணும் வேணாம் மாப்ளே. கண்ணாடி சும்மா இருக்கட்டும்" என்றான். முகநூலையும் விட்டுவிட்டான். பட்டன் போன் ஒன்று வைத்திருந்தான்.

இரண்டு வருடம் இப்படியே போனது. போன மாதம், பூப்பாறைப் பக்கம் ஒரு கடைக்குப் போர்டு மாட்ட வேண்டியிருந்ததால் அவன் ஜீப்பிலேயே ஏறினேன். பின்னால் பத்துப் பெண்கள். கொண்டை ஊசி வளைவுகள் முடிந்து போடிமெட்டில் சாயாவுக்கு நிறுத்தினான். மஞ்சுப் பனி இறங்கியிருந்தது. பெண்களில் ஒருத்திக்கு அன்றைக்குப் பிறந்தநாளாம். எல்லோரும் ஜீப்பு முன்னால் சேர்ந்து நின்று போனைத் தூக்கிப் பிடித்தார்கள். "அண்ணே, நீங்களும் வாங்க" என்று அவனைக் கூப்பிட்டார்கள்.

அவன் சிரித்துக்கொண்டே தலையை ஆட்டிவிட்டு, ஜீப்புக்குப் பின்னால் போய் நின்றுகொண்டான். படம் எடுத்து முடிக்கும்வரை டயரைப் பார்ப்பது போலக் குனிந்திருந்தான். பள்ளிக்கூடத்து குரூப் போட்டோவில் வாத்தியாரைத் தள்ளிவிட்டு நடுவில் வந்து நின்றவன் அவன். வேறு யாருடைய நாட்டிலும் இல்லை இப்போது, நம்முடைய மலையில் நிற்கிறான். எந்தச் சட்டமும் இவ்வளவு தூரம் ஏறி வராது. ஆனால் அவன் குனிந்திருந்தான்.

சாயா தம்ளரை எடுத்துக்கொண்டு அவனிடம் போனேன். இனிமேலும் முடியவில்லை.

"மாப்ளே, அன்னைக்கு நீ கேட்டப்ப நான் எடுக்கல" என்றேன். "உன் பேர மட்டுந்தான் எடுத்தேன். படம் மூணு நாளு அப்பிடியே கெடந்துச்சு. எடுத்துட்டேன்னு பொய் சொன்னேன்."

அவன் சாயாவை ஊதினான். ஒரு வாய் குடித்தான்.

"தெரியும்" என்றான்.

அவனே சொன்னான். "மணிக்கொருக்கா பாத்துக்கிட்டே இருந்தேன்டா. கடைக்குப் பின்னாடி பாத்ரூமுக்குப் போயிப் பாப்பேன். பாத்துட்டு, பாத்த தடத்த அழிப்பேன். இப்ப எடுத்திருப்பான், அடுத்த வாட்டி பாக்கறப்ப இருக்காதுன்னு நெனப்பேன். இருக்கும்."

"ஒரு வார்த்த மறுபடி கேட்டிருக்கக் கூடாதா?" என்றேன். பாருங்கள், அப்போதும் அவன்மேல் ஒரு குற்றம் தேடுகிறேன்.

"என்னன்னு கேக்க? எழுதுனா, எழுதுனது போன்ல நிக்கும். கூப்பிட்டா, நீ அந்தப் பேரச் சொல்லிக் கத்துவ." குரலில் கோபமே இல்லை. கோபப்பட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்திருக்கும்.

"அப்பறம் ஏன்டா எல்லார்ட்டயும் நான் ஒடனே எடுத்தேன்னு சொல்லிக்கிட்டுத் திரியிற?"

"மூணு நாளு விட்டுட்டான்னு சொன்னா, என் வீட்டுக்காரி உன்ன வாசப்படி ஏத்துவாளா? எனக்கு ஊர்ல வேற யாரு இருக்கா, பேச?" என்றான். தம்ளரில் மிச்சமிருந்ததைக் குடித்துவிட்டு, "நீயா வந்து சொல்லுவன்னு பாத்தேன். ரெண்டு வருசம் ஆயிருச்சு" என்றான்.

படம் எடுத்து முடித்த பெண்கள் ஜீப்பில் ஏறி, நேரமாயிற்று என்று குரல் கொடுத்தார்கள். மன்னித்துக்கொள் என்று சொல்ல வாயெடுத்தேன். அவன் தம்ளரைக் கவிழ்த்து வைத்துவிட்டுச் சாவியை எடுத்தான்.

"கடேசியா நான் பாத்தப்ப அறுநூத்திப் பன்னெண்டு லைக்கு மாப்ளே" என்றான். "ஏறு, வெரசாப் போகணும்."